தெற்கே ஒரு நட்சத்திரம்

நாட்றம்பள்ளியிலிருந்து ஒரு கார்டு வந்தது. இந்தக் காலத்தில் கார்டில் கடிதம் எழுதுகிறவர்கள் அபூர்வம். அதிலும் முத்து முத்தான கையெழுத்து. விலாசத்துக்குப் பக்கத்தில் இருக்கும் வெற்றிடத்தைக்கூட வீணாக்காமல் எழுதியிருந்தார். ஓய்வு பெற்ற பள்ளிக்கூட வாத்தியார் என்று கையெழுத்துக்குக் கீழே கண்டிருந்தது. விஷயம் இவ்வளவுதான்:

"தங்கள் தொடர்கதை நன்றாகப் போகிறது. ஆனால் பதினேழாம் அத்தியாயத்தில் இரண்டு பிழைகள். ஒன்று, ஏலகிரி மலை எங்கள் ஊருக்குத் தெற்கே இல்லை, கிழக்கே இருக்கிறது. இரண்டு, அந்த மலைக்கு மேலே இரவெல்லாம் அசையாமல் நிற்பதாகத் தாங்கள் எழுதியிருக்கும் நட்சத்திரம் கிடையாது. இருக்கவும் முடியாது. மலையை நகர்த்திவிடலாம். நட்சத்திரத்தை என்ன செய்வதாக உத்தேசம்?"

படித்ததும் எனக்குக் கொஞ்சம் ரோசம் வந்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன். அந்த அத்தியாயத்தை எழுதிவிட்டு நானே என் முதுகைத் தட்டிக்கொண்டிருந்தேன். கதாநாயகியின் புருஷன் பிழைப்புத் தேடித் தெற்கே போய்விட்டவன். கடிதாசி இல்லை, காசு இல்லை. அவள் ராத்திரி பாத்திரங்களைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு வாசலுக்கு வந்து தெற்கே பார்க்கிறாள். அங்கே ஒரே ஒரு நட்சத்திரம் நகராமல் நிற்கிறது. வடக்கே துருவன் நிற்கிறானே, தெற்கே ஒருவன் நின்றால் என்ன குறைந்துவிடும் என்று நினைத்து நான்தான் அதை அங்கே வைத்தேன். நாட்றம்பள்ளியை நான் அதுவரை பஸ் ஜன்னல் வழியாக மட்டுமே பார்த்திருந்தேன். பெங்களூர் போகும் வழியில் பஸ் நின்றது, டீ குடித்தேன், பெயர்ப் பலகையைப் பார்த்தேன், பெயர் பிடித்திருந்தது. கதாசிரியனுக்கு அது போதும் என்று அப்போது எண்ணம்.

பதில் போட்டேன். "கதையில் வருகிற நட்சத்திரத்துக்குக் கதையில் வருகிற ஆகாயம் போதும்" என்று சற்று மிடுக்காகவே எழுதினேன். நாலாம் நாள் மறு கார்டு வந்துவிட்டது. "போதாது. தங்கள் கதாநாயகி நாட்றம்பள்ளியில் நிற்கிறாள். வைகாசி அமாவாசையை ஒட்டி வாருங்கள். இல்லாத நட்சத்திரத்தைக் காட்ட இயலாது. அது இருக்க வேண்டிய இடத்தைக் காட்டுகிறேன்."

போனேன். ஜோலார்பேட்டையில் இறங்கிப் பஸ் பிடித்தேன். ராணிப்பேட்டையிலிருந்து ஆம்பூர், வாணியம்பாடி வரையில் பாலாற்றங்கரை நெடுக ரயிலில் வருகிறவர்களுக்குத் தெரியும், கண்ணை மூடிக்கொண்டிருந்தாலும் ஊர் வந்துவிட்டதை மூக்கு சொல்லிவிடும். ஒரு காலத்தில் ஆவாரம் பட்டையும் சுண்ணாம்பும் சேர்ந்த வாசனை. பிற்பாடு குரோம் உப்பு. உலகத்தின் பல பட்டணங்களில் மனிதர்கள் மாட்டிக்கொண்டு நடக்கிற பூட்ஸுகளுக்கு இந்த ஆற்றங்கரையில்தான் தோல் பதமாகிறது. ஆற்றில் தண்ணீரைத்தான் காணோம். நாட்றம்பள்ளி இந்த வரிசையில் சற்று மேற்கே தள்ளி, நெடுஞ்சாலையின் மேல் இருக்கிறது. 2019-ல் வேலூர் ஜில்லாவைப் பிரித்தபோது திருப்பத்தூர் ஜில்லாவில் சேர்ந்துவிட்டது.

வாத்தியாருக்கு எழுபது வயது தாண்டியிருக்கும். ஒல்லியான உடம்பு, சட்டைப் பையில் இரண்டு பேனா. வந்ததும் வராததுமாகக் கதையைப் பற்றிப் பேசுவார் என்று எதிர்பார்த்தேன். "பஸ்ஸிலே உட்கார இடம் கிடைச்சுதா சார்?" என்றுதான் கேட்டார். அவருடைய மனைவி காபி கொடுத்துவிட்டு, "இவரு ராத்திரியிலே வீட்டுக்குள்ளே இருந்து நான் பார்த்ததே இல்லீங்க" என்று என்னிடம் புகார் செய்தார்.

இருட்டியதும் மொட்டை மாடிக்குப் போனோம். கிழக்கே ஏலகிரி கறுப்பாகப் படுத்திருந்தது. கார்டில் எழுதியபடியே கிழக்கேதான்.

"முதல்லே வடக்கே பாருங்க" என்றார். துருவ நட்சத்திரம் தென்னை மரத்து உயரத்துக்குக்கூட இல்லை. கையை நீட்டி முஷ்டியைப் பிடித்தால் வானத்தில் சுமார் பத்துப் பாகை மறையும் என்றும், நம்முடைய ஊர் பூமத்திய ரேகைக்கு வடக்கே பன்னிரண்டரைப் பாகையில் இருப்பதால் துருவனும் தரையிலிருந்து பன்னிரண்டரைப் பாகைதான் என்றும், முஷ்டியை வைத்தே அளந்து காட்டினார். "வடக்குத் துருவம் எவ்வளவு மேலேயோ, தெற்குத் துருவம் அவ்வளவு கீழே. உங்க நட்சத்திரம் அசையாம நிக்கணும்னா அங்கேதான் நிக்கணும். அதாவது தரைக்கு அடியிலே. அங்கேயும் கண்ணுக்குப் பளிச்சென்று தெரியற மாதிரி ஒண்ணும் கிடையாது."

நான் பேசாமல் இருந்தேன். வேறு என்ன செய்ய?

பிறகு என் தோளைப் பிடித்துத் தெற்கே திருப்பினார். நெடுஞ்சாலை விளக்குகளின் மங்கலுக்கு மேலே, ஒன்றரை முஷ்டி உயரத்தில் நாலு நட்சத்திரங்கள் நின்றன. காற்றாடியைச் செங்குத்தாக நிறுத்தி வைத்தது போன்ற அமைப்பு. இடப்பக்கத்தில் வெகு பிரகாசமாக இன்னும் இரண்டு. ஐரோப்பியக் கடலோடிகள் பதினாறாம் நூற்றாண்டிலே அந்த நாலையும் சிலுவை என்றார்கள். நம்மவர்களில் பலர் அதைத் திரிசங்கு என்று சொல்வார்கள்.

இரண்டுங்கெட்டான் நிலைக்குத் 'திரிசங்கு சொர்க்கம்' என்று நாம் எல்லோரும் சொல்கிறோம். நானே எத்தனையோ கதைகளில் எழுதியிருக்கிறேன். ஆனால் அந்தக் கதையை வால்மீகி எப்படிச் சொல்லியிருக்கிறார் என்று முழுதாகப் படித்ததில்லை. வாத்தியார் படித்திருந்தார். ஊருக்குத் திரும்பியபின் நானும் பாலகாண்டத்தை எடுத்துப் பார்த்தேன். அவர் சொன்னதில் ஒரு பிசகும் இல்லை.

மிதிலையில் ராமனுக்குச் சதானந்தர் சொல்லுகிற கதை இது. திரிசங்கு ராமனுக்கே முன்னோன். இட்சுவாகு வம்சத்து ராஜா. உடம்போடு சுவர்க்கம் போக வேண்டும் என்று அவனுக்கு ஆசை. குலகுரு வசிஷ்டர் முடியாது என்றார். அவருடைய நூறு பிள்ளைகளிடம் போனான். அப்பா மறுத்ததைப் பிள்ளைகளிடம் கேட்க வந்தாயா என்று கோபித்துக்கொண்டார்கள். வேறு யாரையாவது பார்த்துக்கொள்கிறேன் என்று அவன் சொன்னதும் சண்டாளனாகப் போ என்று சபித்தார்கள். விடிந்தபோது ராஜாவின் உடம்பு கறுத்து, உடை கறுத்து, போட்டிருந்த பொன் நகையெல்லாம் இரும்பு நகையாகிவிட்டது. மந்திரிகளும் ஜனங்களும் அவனை விட்டுவிட்டு ஓடினார்கள். நேற்று வரைக்கும் ராஜா. ராத்திரியில் நிறம் மாறினதும் ஊரே ஓடுகிறது. நாவல் எழுதுகிறவன் இந்த ஓர் இடத்துக்காகவே வால்மீகிக்கு நமஸ்காரம் செய்யலாம்.

விசுவாமித்திரர் அவனை ஏற்றுக்கொண்டு யாகம் செய்ய முற்பட்டார். வசிஷ்டரின் பிள்ளைகள் யாகத்துக்கு வர மறுத்து ஒரு கேள்வி கேட்டு அனுப்பினார்கள்: நடத்துகிறவன் க்ஷத்திரியன், நடத்திவைத்துக்கொள்கிறவன் சண்டாளன், அந்த யாகத்தில் தேவர்கள் எப்படி வந்து சாப்பிடுவார்கள்? அவர்கள் சொன்னபடியே தேவர்கள் வரவில்லை. விசுவாமித்திரர் தம்முடைய தவத்தைச் செலவழித்து அவனை மேலே அனுப்பினார். இந்திரன் கீழே தள்ளினான். தலைகீழாக விழுகிறவனைப் பார்த்து விசுவாமித்திரர் "நில்" என்றார். நின்றுவிட்டான்.

அதற்கப்புறம்தான் நம் விஷயம் வருகிறது. கோபம் தலைக்கேறி அவர் தெற்கே புதிதாக ஒரு சப்தரிஷி மண்டலத்தைச் சிருஷ்டித்தார். ஒரு நட்சத்திர வரிசையையே உண்டாக்கினார். இன்னோர் இந்திரனையும் படைத்துவிடுவேன், இல்லாவிட்டால் உலகம் இந்திரனே இல்லாமல் கிடக்கட்டும் என்று கிளம்பியபோது தேவர்கள் நடுங்கிப்போய்ச் சமாதானத்துக்கு வந்தார்கள். திரிசங்கு அப்படியே தலைகீழாக ஒளிவிட்டுக்கொண்டு இருக்கட்டும். நீங்கள் படைத்த நட்சத்திரங்களும் நிலைத்திருக்கட்டும். ஆனால் எல்லாம் வைசுவானர வீதிக்கு வெளியே இருக்க வேண்டும் என்பது ஒப்பந்தம். விசுவாமித்திரர் கேட்டு வாங்கிய வார்த்தை 'துருவ' என்பது. அசையாத, நிலையான என்று அர்த்தம்.

"பாருங்க சார்" என்றார் வாத்தியார். "தெற்கே அசையாத நட்சத்திரம் வைக்கணும்னு உங்களுக்கு முன்னாடியே ஒருத்தருக்குத் தோணியிருக்கு."

அது என்னைச் சமாதானப்படுத்தச் சொன்னதா, கேலியா என்று இன்று வரை தெரியவில்லை. வைசுவானர வீதி என்பதற்கு அவர் கொண்ட பொருள் சூரிய சந்திரர்களும் கிரகங்களும் நடக்கிற ராஜபாட்டை. அசுவினி முதல் ரேவதி வரை இருபத்தேழு நட்சத்திரங்களும் அந்தப் பாட்டையின் இரண்டு பக்கமும் வீடு கட்டிக் குடியிருக்கின்றன. நம் ஜாதகமெல்லாம் அந்தத் தெருவைப் பற்றியதுதான். திரிசங்குவில் பிறந்தேன் என்று எவனும் சொல்ல முடியாது. அந்த நட்சத்திரத்துக்குப் பஞ்சாங்கத்தில் இடம் இல்லை; நாள் இல்லை; கலியாணத்துக்குப் பொருத்தம் பார்ப்பார் இல்லை.

ராமாயணத்தில் இன்ன நட்சத்திரம்தான் திரிசங்கு என்று அடையாளம் எதுவும் இல்லை. சிலுவை என்பது பிற்பாடு வந்தவர்கள் சொல்வது. ஆனால் வாத்தியார் போட்டுக் காட்டிய ஒரு கணக்கைக் கேட்டபின் எனக்கு அதில் ஆட்சேபணை போய்விட்டது. பூமியின் அச்சு, ஓய்கிற பம்பரத்தைப் போலத் தலையை ஆட்டிக்கொண்டு சுமார் 26,000 வருஷத்துக்கு ஒரு சுற்றுச் சுற்றுகிறது. அதனால் வானம் மெல்ல மெல்லச் சாய்கிறது. சிலுவையின் அடி நட்சத்திரம் இன்று அயோத்தியில் உச்சிக்கு வரும்போது தரையைத் தொட்டும் தொடாமலும் இருக்கிறது. இரண்டாயிரம் வருஷத்துக்கு முன்னால் அதே அயோத்தியில் அது பத்துப் பாகைக்கு மேலே, இங்கே நாட்றம்பள்ளியில் இன்று தெரிகிற உயரத்துக்குச் சற்றுக் குறைய, நின்றது. திரிசங்குவின் சொந்த ஊரிலிருந்து பார்த்தால் அவன் இன்னும் விழுந்துகொண்டுதான் இருக்கிறான். தாத்தா பார்த்ததைவிடப் பேரன் பார்ப்பது துளி கீழே. ஓர் ஆயுளில் கண்டுபிடிக்க முடியாத அளவு. ஆனால் கதை ஓர் ஆயுளோடு முடிகிற சமாசாரமா?

ஆதியில் இந்தக் கதையைக் கட்டினவர் வானம் சாய்வதை அறிந்துதான் கட்டினார் என்று நான் சொல்ல வரவில்லை. அப்படிச் சொல்கிற கூட்டத்தில் சேர எனக்குப் பிரியம் இல்லை. தெற்கே பிரயாணம் போனவர்கள், போகப் போகத் தரையிலிருந்து புதிது புதிதாக நட்சத்திரம் கிளம்புவதைப் பார்த்திருப்பார்கள். நம் ஊர் ஆகாயத்தில் இல்லாத இவை யார் படைத்தவை என்று கேள்வி எழுந்திருக்கும். இது என் ஊகம்.

மணி ஒன்பதரை ஆகியிருந்தது. வாத்தியார் மறுபடியும் என்னை வடக்கே திருப்பினார். துருவனுக்கு வெகு மேலே சப்தரிஷி மண்டலம் உச்சிக்கு வந்துகொண்டிருந்தது. வைகாசி இரவில் இந்த வேடிக்கை உண்டு: வடக்கே வசிஷ்டர் உச்சியை நெருங்குகிற வேளையில் தெற்கே திரிசங்கு உச்சியைத் தாண்டிச் சாயத் தொடங்கியிருக்கிறான். இரண்டு பேரும் ஆகாயத்தின் இரண்டு பக்கத்திலிருந்து ஒருவரை ஒருவர் முறைத்துப் பார்க்கிற மாதிரி இருக்கும்.

"வசிஷ்டர் பக்கத்திலே சின்னதா ஒண்ணு தெரியுதா?"

அருந்ததி. எனக்குக் கலியாணத்தன்று பட்டப்பகலில் புரோகிதர் காட்டிய நட்சத்திரம். தெரிகிறதா என்றார், தெரிகிறது என்றேன். அன்று சொன்ன பொய்யை அன்றிரவு நாட்றம்பள்ளி மாடியில்தான் மெய்யாக்கினேன். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தால் ஓரத்தில் பொடியாகத் தெரிகிறது. அரபு நாட்டிலும் பழங்காலத்தில் இந்த ஜோடியை வைத்துத்தான் கண்பார்வையைச் சோதித்தார்களாம். தொலைநோக்கிகள் வந்த பிறகு குடும்பம் பெருகிவிட்டது. வசிஷ்டர் என்று நாம் சொல்வதில் நாலு நட்சத்திரங்கள் இருக்கின்றன. அருந்ததிக்கும் மங்கலான ஒரு துணை உண்டு என்று 2009-ல் தெரிய வந்தது.

"எங்க ஜனங்களுக்கு அவங்க பேருதான் சார்" என்றார் வாத்தியார்.

எனக்குச் சட்டென்று விளங்கவில்லை. அவரே மேலே சொன்னார். அவருடைய அப்பா வாணியம்பாடிப் பக்கத்தில் ஒரு தோல் தொழிற்சாலையில் சுண்ணாம்புக் குழியில் வேலை பார்த்தவர். பச்சைத் தோலைச் சுண்ணாம்புத் தண்ணீரில் ஊறப்போட்டு, பிறகு எடுத்துப் போட்டு, மயிரையும் கொழுப்பையும் வழித்து எடுக்கிற வேலை. முழங்கால் மட்டும் குழியில் நின்று நின்று காலும் கையும் வெந்துபோயிருக்குமாம். அவர்கள் தெரு ஊருக்கு வெளியே. தோல் வேலை செய்கிறவர்களைப் பழைய சர்க்கார் தஸ்தாவேஜுகள் எந்தப் பெயரில் எழுதினவோ, ஊரில் எந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்களோ, அந்தப் பெயரை அவர்கள் விரும்பவில்லை. 1920-களில் சென்னைச் சட்டசபையில் இருந்த எல். சி. குருசாமி முதலானவர்கள் எங்களை அருந்ததியர் என்று சொல்லுங்கள் என்று கேட்டார்கள். வசிஷ்டரின் பத்தினி தாழ்ந்த குலத்தில் பிறந்தவள் என்று ஒரு வழக்கு நெடுங்காலமாக உண்டு. அதைப் பிடித்துக்கொண்டு ஒரு ஜனக்கூட்டம் ஆகாயத்திலிருந்து தனக்குப் பெயர் எடுத்துக்கொண்டது. 2009-ல் தமிழக அரசு ஆதிதிராவிடருக்கான 18 சதவிகிதத்தில் 3 சதவிகிதத்தை அவர்களுக்கென்று ஒதுக்கிச் சட்டம் செய்தபோது, சட்டத்தின் தலைப்பிலேயே அந்த நட்சத்திரத்தின் பெயர் ஏறிவிட்டது.

"தாய் பேரு எங்களுக்கு. திரிசங்குவைச் சண்டாளனாப் போன்னு சபிச்சது அந்தத் தாய் பெத்த பிள்ளைங்க. நான் எந்தப் பக்கம் திரும்பி நிக்கிறது, சொல்லுங்க" என்றார். சிரித்துக்கொண்டேதான் சொன்னார்.

அவருடைய அப்பா ராமாயணம் படித்தவரல்ல. எழுதப் படிக்கவே தெரியாதவர். ஆனால் திரிசங்கு கதை அவர் சொல்லித்தான் மகனுக்குத் தெரியும். கூத்து இருந்ததே! அரிச்சந்திரன் கூத்து இந்தப் பக்கத்தில் வெகு பிரபலம். மயான காண்டம் விடியவிடிய நடக்கும். அந்த அரிச்சந்திரன் திரிசங்குவின் மகன். நான் இதையும் அன்றுதான் கோத்துப் பார்த்தேன். தகப்பன் ராஜாவாக இருந்து சண்டாளனானான். மகன் ராஜாவாக இருந்து வீரபாகுவுக்கு அடிமையாகிச் சுடுகாடு காத்தான். வாத்தியாரின் அப்பா கூத்தில் கட்டுகிற வேஷம் வீரபாகு.

"பகலெல்லாம் சுண்ணாம்புக் குழி. ராத்திரி கூத்திலே ராஜாவையே விலைக்கு வாங்கினவரு எங்க அப்பா" என்றார்.

நான் அன்று அந்த மாடியில் என் கட்சிக்கு வாதாட ஒரே ஒரு முயற்சி செய்தேன். கதாசிரியர்கள் மட்டுமா, விஞ்ஞானிகள் இல்லாததைப் படைக்கவில்லையா என்று கேட்டேன். எனக்குத் தெரிந்த உதாரணம் வல்கன் கிரகம். புதனின் நடை கணக்கோடு ஒத்துவரவில்லை என்று 1859-ல் பாரிஸில் லெவெரியே என்பவர், சூரியனுக்கு வெகு அருகில் இன்னொரு கிரகம் இருக்க வேண்டும் என்றார். அதற்குப் பெயரும் வைத்தாகிவிட்டது. பார்த்தேன் என்று சாட்சி சொல்லவும் ஆட்கள் வந்தார்கள். 1915-ல் ஐன்ஸ்டீன் வந்து, கிரகமும் வேண்டாம் ஒன்றும் வேண்டாம், ஈர்ப்பு விதியைத்தான் மாற்ற வேண்டும் என்று கணக்கைத் தீர்த்தார்.

"அவ்வளவு தூரம் எதுக்கு? மெட்ராஸிலேயே நடந்திருக்கே" என்றார் வாத்தியார்.

சென்னை நுங்கம்பாக்கத்தில் 1792-ல் கும்பெனியார் ஒரு வானிலைக்கூடம் கட்டினார்கள். அதன் கருங்கல் தூண் ஒன்று தமிழ் எழுத்துக்களோடு இன்றும் அங்கே நிற்கிறது. அங்கே அதிகாரியாக இருந்த கேப்டன் ஜேகப் என்பவர் ஓர் இரட்டை நட்சத்திரத்தை விடாமல் பார்த்து வந்தார். ஒபியூகஸ் என்கிற பாம்பாட்டி மண்டலத்தில் 70-ம் எண் கொண்டது. இரண்டும் ஒன்றையொன்று சுற்றுகிற பாதையில் ஏதோ ஒரு கோணல் இருந்தது. கண்ணுக்குத் தெரியாத ஒரு கிரகம் இழுக்கிறது போலிருக்கிறதே என்று 1855-ல் எழுதினார். வேறொரு சூரியனுக்குக் கிரகம் உண்டு என்று அளவைகளை வைத்துக்கொண்டு சொன்ன முதல் குரல்களில் ஒன்று நம் நுங்கம்பாக்கத்திலிருந்து கிளம்பியிருக்கிறது. பிற்பாடு அமெரிக்காவில் ஸீ என்கிறவர் அதையே இன்னும் பலமாகச் சொன்னார். அப்படி ஒரு கிரகம் அந்த இடத்தில் நிலைத்திருக்க முடியாது என்று 1899-ல் மௌல்டன் கணக்குப் போட்டுக் காட்டிவிட்டார். ஆக, ஜேகபின் கிரகம் கற்பனை. ஆனால் பிற நட்சத்திரங்களுக்குக் கிரகம் உண்டு என்பது 1990-களில் ருசுவாகி, இப்போது ஆயிரக்கணக்கில் ஜாபிதா இருக்கிறது. மனுஷர் வீட்டு விலாசத்தைத்தான் தப்பாகச் சொன்னார், ஊர் இருந்தது.

அதே கூடத்தில் வேலை பார்த்த சிந்தாமணி ரகுநாதாச்சாரியைப் பற்றியும் அன்று கேட்டேன். 1867-ல் அவர் ஒரு மாறுபடு நட்சத்திரத்தைக் கண்டுபிடித்தார். பல மாதம் மங்கி மறைந்து, பிறகு பிரகாசமாகி, மறுபடி மங்குகிற ஜாதி. பஞ்சாங்கத்தைக் கண்ணால் பார்த்துத் திருத்த வேண்டும் என்று வாதாடி வைதிகர்களிடம் வாங்கிக் கட்டிக்கொண்டவரும் அவர்தான். அந்த நட்சத்திரம் தெற்கே வெகு தாழ்வில், திரிசங்குவின் அடிக்கால் எந்த மட்டத்தில் இருக்கிறதோ ஏறக்குறைய அதே மட்டத்தில் இருக்கிறது. பஞ்சாங்கம் கண்ணெடுத்துப் பார்க்காத தெரு.

மறுநாள் சனிக்கிழமை. வாணியம்பாடி, ஆலங்காயம் வழியாகக் காவலூருக்குப் போனோம். ஜவ்வாது மலையில், கடல் மட்டத்திலிருந்து சுமார் 725 மீட்டர் உயரத்தில் மரங்களுக்கு நடுவே வெள்ளைக் கூண்டுகள். வேணு பாப்பு கொடைக்கானல் கூடத்துக்கு அதிபராக வந்த பின் இரவு வேலைக்கு ஏற்ற இடம் தேடி 1960-களில் இந்தக் காட்டைப் பிடித்தார். பூமத்திய ரேகைக்குப் பக்கமாக இருந்தால் வடக்கு வானத்தோடு தெற்கு வானத்தையும் பெருமளவு பார்த்துவிடலாம் என்பது அவருடைய காரணங்களில் ஒன்று. 1968-ல் 38 சென்டிமீட்டர் தொலைநோக்கியோடு ஆரம்பம். 1972-ல் ஜெர்மனியிலிருந்து ஒரு மீட்டர் கருவி வந்தது. 1977 மார்ச்சில் யுரேனஸ் ஒரு நட்சத்திரத்தை மறைத்தபோது, அந்தக் கிரகத்துக்கு வளையம் உண்டு என்பதற்கு இங்கேயும் சாட்சி கிடைத்தது. 234 சென்டிமீட்டர் பெரிய தொலைநோக்கியை 1986 ஜனவரியில் ராஜீவ் காந்தி திறந்துவைத்து அதற்குப் பாப்புவின் பெயரையே சூட்டினார். பாப்பு அதைப் பார்க்கவில்லை, 1982-லேயே காலமாகிவிட்டார். 1988-ல் இங்கே கண்டுபிடித்த ஒரு சிறு கிரகத்துக்குக் கணித மேதை ராமானுஜன் பெயரை வைத்தார்கள்.

வாத்தியாருக்கு அந்தக் காவல்காரர்கள் எல்லோரும் பழக்கம். எத்தனையோ வருஷம் பள்ளிக்கூடப் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வந்தவர். தோல் தொழிற்சாலைப் பிள்ளைகள், பீடி சுற்றுகிறவர்களின் பிள்ளைகள், பிறை பார்த்துப் பழகின முஸ்லிம் பிள்ளைகள். "பிறை எங்கே தேடணும்னு அவங்களுக்குச் சொல்லித் தர வேண்டியதே இல்லை சார்" என்றார்.

ஒரு தடவை அப்பாவையும் அழைத்து வந்தாராம். சின்னத் தொலைநோக்கியில் சனியின் வளையத்தைக் காட்டினார்கள். அப்பா குனிந்து பார்த்தார். திரும்பி வரும்போது பஸ்ஸில் அவர் கேட்டது ஒன்றுதான். "இங்கே நம்மளை யாரு, எந்தத் தெருன்னு கேக்கவே இல்லியேடா?"

அவருக்கு வேறு எதுவும் கேட்கத் தோன்றவில்லை என்றார் வாத்தியார். அதைச் சொல்லும்போது அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை. ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.

ஊர் திரும்பியபின் தொடர்கதையைப் புத்தகமாக்கும் வேலை வந்தது. பதினேழாம் அத்தியாயத்தை எடுத்து வைத்துக்கொண்டு இரண்டு நாள் உட்கார்ந்திருந்தேன். ஏலகிரியைக் கிழக்கே நகர்த்துவதற்கு ஐந்து நிமிஷம் ஆயிற்று. நட்சத்திரத்துக்குத்தான் வழி தெரியவில்லை. அதை எடுத்துவிட்டு நிஜமான நாலு நட்சத்திரங்களை வைக்கலாம். ஆனால் அவை ராத்திரி பூராவும் நிற்காது, வைகாசியில் நடுச்சாமம் தாண்டிச் சற்று நேரத்தில் மேற்கே சாய்ந்துவிடும். என் கதாநாயகி விடிகிற மட்டும் வாசலில் நிற்கிறவள். கடைசியில் ஒரே ஒரு வாக்கியம் சேர்த்தேன். தெற்கே அப்படி ஒரு நட்சத்திரம் கிடையாது என்று பக்கத்து வீட்டு வாத்தியார் அவளிடம் சொல்கிறார். சரிங்க என்று சொல்லிவிட்டு அவள் மறுபடியும் தெற்கே பார்க்கிறாள்.

புத்தகம் வந்ததும் நாட்றம்பள்ளிக்கு ஒரு பிரதி அனுப்பினேன். பத்து நாள் கழித்துக் கார்டு வந்தது. நட்சத்திரத்தைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

"புத்தகம் கிடைத்தது. வீட்டிலும் படித்தார்கள். 212-ம் பக்கத்தில் கதாநாயகி ஜோலார்பேட்டையில் ஏறுவதாகத் தாங்கள் எழுதியிருக்கும் பாசஞ்சர் அந்த நேரத்துக்குக் கிடையாது."